கடலோரத்தில் நன்னீர் இறைத்த காற்றாலைகள்



சென்ற மாத ஞாயிறு உரையில், சான் பிரான்சிஸ்கோ கோல்டன் கேட் பூங்காவின் மேற்கு எல்லையில் நிற்கும் இரண்டு காற்றாலைகளைப் பற்றிப் பேசியிருந்தேன். உரை முடிந்த கையோடு பிரீமொண்டிலிருந்து ஓர் அம்மா தொலைபேசியில் வந்தார். "தம்பி, அது ரெண்டும் கடலில இருந்து கூப்பிடு தூரத்திலயெல்லோ நிக்குது. உப்புத் தண்ணியையோ இறைச்சுப் பூமரங்களுக்கு விட்டவை?" என்று கேட்டார். நல்ல கேள்வி. அடுத்த நிகழ்ச்சிக்கு நேரமாகிவிட்டதால் வானொலியில் விரிவாகச் சொல்ல இடமிருக்கவில்லை. ஆகவே அந்தக் கேள்வியிலிருந்தே இந்தக் கட்டுரையைத் தொடங்குகிறேன்.

இறைத்தது நன்னீர்தான். சான் பிரான்சிஸ்கோவின் மேற்குப் பாதி முழுவதும் ஒரு காலத்தில் வெறும் மணல்மேடு. மழை பெய்தால் மணல் அதைக் குடித்துவிடும். குடித்த நீர் நிலத்துக்கடியில் மெல்ல மெல்லக் கடலை நோக்கி நகரும். நன்னீர் கடல்நீரைவிடக் கொஞ்சம் பாரம் குறைந்தது. ஆகவே கரையோரத்தில் நன்னீர் மேலேயும் உப்புநீர் கீழேயுமாகத் தங்கி நிற்கும். கடலுக்கு அருகில் கிணறு வெட்டினாலும், அளவான ஆழத்தோடு நிறுத்திக்கொண்டால் நல்ல தண்ணீர் வரும்.

யாழ்ப்பாணத்தவருக்கு இதைப் பாடம் எடுத்துச் சொல்லத் தேவையில்லை. புத்தூருக்குப் பக்கத்தில் உள்ள நிலாவரைக் கிணற்றை நினைத்துப் பாருங்கள். இராமர் அம்பு எய்து உண்டாக்கியது என்று சின்ன வயதில் கதை கேட்டிருப்போம். அதன் மேல்மட்டத்தில் நன்னீர், ஆழம் போகப் போக உப்பு. ஆறு என்று சொல்ல மாரியில் மட்டும் ஓடும் வழுக்கியாறு ஒன்றைத் தவிர வேறில்லாத குடாநாடு, சுண்ணக்கல்லுக்குள் தேங்கும் மழைநீரை வைத்துத்தான் இத்தனை நூற்றாண்டுகள் புகையிலையும் வெங்காயமும் மிளகாயும் விளைவித்தது.

இந்த நன்னீர்ப் படைக்கு ஒரு கணக்கும் இருக்கிறது. ஒல்லாந்து இராணுவப் பொறியியலாளர் பாடோன் கெய்பன் என்பவர் 1880களின் இறுதியிலும், ஜெர்மனியைச் சேர்ந்த ஹெர்ஸ்பெர்க் 1901இலும் தனித்தனியாக எழுதி வைத்தது. கடல்மட்டத்துக்கு மேலே நன்னீர் ஓர் அடி உயர்ந்து நின்றால், கடல்மட்டத்துக்குக் கீழே ஏறக்குறைய 40 அடி வரை நன்னீர் இருக்கும் என்பது அவர்கள் கண்ட விதி. இதைத் திருப்பிப் போட்டுப் பார்த்தால்தான் ஆபத்து தெரியும். மேலே ஓர் அடி நீரை இறைத்துக் குறைத்துவிட்டால், கீழே உப்புநீர் 40 அடி மேலேறி வரப் பார்க்கும். எல்லா நிலத்திலும் இது அச்சொட்டாக நடப்பதில்லை. சான் பிரான்சிஸ்கோவில் இடையிடையே களிமண் படைகள் குறுக்கே நிற்கின்றன. ஆனாலும் போகும் திசை அதுதான். இந்த 1க்கு 40 என்ற விகிதத்தை மனதில் வைத்திருங்கள், பின்னால் தேவைப்படும்.

இனிக் காற்றாலைக்கு வருவோம்.

பூங்காவுக்கான வேலை 1870இல் தொடங்கியது. முதல் பொறியியலாளர் வில்லியம் ஹமண்ட் ஹோல். காற்றில் ஓடித் திரியும் மணலைப் பிடித்து நிறுத்துவதே அவருக்குப் பெரும் பாடாக இருந்தது. பார்லியும் லூப்பின் செடியும் மணற்புல்லும் விதைத்து மணலைக் கட்டினார்கள். பின்னால் வந்த ஸ்கொட்லாந்துக்காரர் ஜோன் மக்லாரன் 1890இல் பொறுப்பேற்று, 1943இல் இறக்கும்வரை பூங்காவை விட்டு அசையவில்லை. ஆயிரம் ஏக்கருக்கு மேற்பட்ட மணலில் மரம் நட்டு வளர்ப்பதென்றால் தண்ணீருக்கு எங்கே போவது? அந்த நாளில் நகரத்துக்குத் தண்ணீர் விற்றது ஸ்பிறிங் வலி என்ற தனியார் கம்பனி. போட்டிக்கு ஆளில்லாத வியாபாரம் என்பதால் கம்பனி வைத்ததே விலை. பூங்காவின் வரவு செலவில் தண்ணீர்ச் செலவு கழுத்தைப் பிடித்தது.

கணக்கு எழுதிப் பிழைக்கிறவன் என்ற முறையில் எனக்கு இந்த இடம் பிடிக்கும். மாதாமாதம் போய்க்கொண்டே இருக்கும் செலவை, ஒரே தடவை போடும் முதலாக மாற்ற முடியுமா என்று யோசித்திருக்கிறார்கள். தண்ணீர் காலுக்குக் கீழே இருந்தது. காற்றோ கடலிலிருந்து இலவசமாக வந்தது. இரண்டையும் இணைக்க ஓர் இயந்திரம் மட்டுமே குறை. அல்பியஸ் புல் என்பவரின் வடிவமைப்பில் வடக்குக் காற்றாலை 1903இல் சுழலத் தொடங்கியது. இதைத்தான் ஒல்லாந்துக் காற்றாலை என்று சொல்கிறோம். கோபுரத்தின் உயரம் 75 அடி. இறக்கையின் ஒரு நுனியிலிருந்து எதிர் நுனி வரை 102 அடி. நல்ல காற்றில் மணிக்கு 30,000 கலன் நீர் இறைக்கும். ஏறக்குறைய இரண்டு மைல் கிழக்கே உள்ள ஸ்ட்றோபெரி குன்றின் நீர்த்தேக்கத்துக்கு, 200 அடி உயரம் ஏற்ற வேண்டும். (அந்தக் குன்றைச் சுற்றியுள்ள ஏரியை நம்மில் பலர் இன்னும் ஸ்டோ ஏரி என்றுதான் சொல்கிறோம். 2024இல் அதன் பெயரை நீல நாரை ஏரி என்று மாற்றிவிட்டார்கள்.)

வேலை நன்றாக நடந்ததால் இரண்டாவதற்கு ஆசை வந்தது. சாமுவேல் மர்பி என்ற வங்கியாளர் 20,000 டொலர் கொடுத்தார். தெற்குக் காற்றாலை 1908இல் முடிந்தது, அதற்கு அவர் பெயரே நிலைத்தது. உயரம் 95 அடி, இறக்கை நுனிக்கு நுனி 114 அடி, மணிக்கு 40,000 கலன். இரண்டும் சேர்ந்து நாளொன்றுக்கு 15 இலட்சம் கலன் வரை இறைக்க வல்லவை என்று சொன்னார்கள்.

இவை ஒல்லாந்துப் பெயரில் நின்றாலும், இந்த வகை ஆலை இங்கிலாந்திலும் ஒல்லாந்திலும் கூடவே வளர்ந்த ஒன்று. பாரசீகத்தில் அதற்கு முன்பே காற்றாலைகள் இருந்தன. ஆனால் அவற்றின் அச்சு செங்குத்தாக நிற்கும், இறக்கைகள் ராட்டினம்போலப் பக்கவாட்டில் சுற்றும். அச்சைப் படுக்க வைத்து இறக்கையைக் காற்றுக்கு முகம் பார்க்க வைத்தது வடமேற்கு ஐரோப்பா. இங்கிலாந்தில் ஐயமில்லாத பழைய பதிவு 1185ஆம் ஆண்டுக்குரியது. யோர்க்ஷயரில் வீட்லி என்ற ஊரில் ஒரு காற்றாலை, ஆண்டுக் குத்தகை 8 சில்லிங். வரலாற்றின் தொடக்கமே ஒரு வாடகைக் கணக்கு! நம் தொழிலை யாரும் குறைவாக நினைக்க வேண்டாம்.

அந்தப் பழைய ஆங்கில ஆலைகளில் நடுவே ஒரு தடித்த கம்பம் இருக்கும். அதன்மேல் மரப்பெட்டி ஒன்று, அதற்குள்ளே கல்லும் சில்லும் எல்லாம். காற்றுத் திசை மாறினால், வீட்டையே தள்ளித் திருப்புவதுபோல, பின்பக்கம் நீண்டிருக்கும் மரக்கையைப் பிடித்து முழுப் பெட்டியையும் திருப்ப வேண்டும். இதன் பெயர் போஸ்ட் மில், அதாவது கம்ப ஆலை. பிறகு வந்தவர்கள் உடலை அசையாமல் கட்டிவிட்டு, தலையில் இருக்கும் தொப்பி மட்டும் திரும்பும்படி செய்தார்கள். கல்லால் கட்டினால் டவர் மில். மரத்தால் சரிவாகக் கட்டினால் ஸ்மொக் மில். பழைய நாள் ஆங்கிலக் கமக்காரர் போட்ட தொளதொளத்த மேலங்கியைப்போல இருப்பதால் இந்தப் பெயர் வந்தது. பூங்காவில் நிற்பவையும் தொப்பி திரும்பும் இனத்தைச் சேர்ந்தவைதான்.

தொப்பியைத் திருப்புவது கடினமான வேலை, அதுவும் இரவில் காற்று மாறினால் ஆலைக்காரர் எழும்பி வர வேண்டும். 1745இல் எட்மண்ட் லீ என்ற ஆங்கிலேயர் இதற்கு ஒரு வழி கண்டு உரிமம் எடுத்தார். இறக்கைக்கு எதிர்ப்புறம் ஒரு சின்னக் காற்றாடி. பெரிய இறக்கை காற்றை நேரே பார்த்துக்கொண்டிருந்தால் சின்னது சும்மா நிற்கும். காற்று பக்கவாட்டில் வந்தால் சின்னது சுழன்று, பற்சில்லு வழியாகத் தொப்பியை மெல்லத் திருப்பிக் காற்றுக்கு நேரே கொண்டுவந்து நிறுத்தும். ஆள் தேவையில்லை. தன்னைத் தானே திருத்திக்கொள்ளும் இயந்திரங்களுக்கு இது முன்னோடிகளில் ஒன்று.

இறக்கை என்பது மரச்சட்டத்தில் செய்த ஓர் ஏணி போன்றது. அதன்மேல் பாய்ச்சீலையை விரிப்பார்கள். காற்று குறைவென்றால் முழுச் சீலை, கூடினால் சுருட்டிக் கட்ட வேண்டும். வள்ளத்தில் பாய் சுருக்கத் தெரிந்தவருக்கு இது பழகிய வேலை. கூர்ந்து பார்த்தால் இறக்கை தட்டையாக இராது, அடியிலிருந்து நுனிக்குப் போகையில் கொஞ்சம் முறுக்கியிருக்கும். காரணம், நுனி வேகமாக ஓடுகிறது, அடி மெதுவாக ஓடுகிறது. இரண்டிலும் காற்று சரியான சாய்வில் பட வேண்டுமென்றால் சாய்வு இடத்துக்கு இடம் மாற வேண்டும். தச்சர்கள் கண்மதிப்பில் செய்துவந்த இதை, ஜோன் ஸ்மீட்டன் என்ற பொறியியலாளர் சிறு மாதிரிகளைச் சுழற்றி அளந்து 1759இல் வெளியிட்டார். அதே முறுக்கு இன்று மன்னாரில் நிற்கும் மின் காற்றாலைகளின் இறக்கையிலும் உண்டு.

இறக்கையின் அச்சு தொப்பிக்குள் போகிறது. அங்கே ஒரு பெரிய பற்சில்லு. அதைச் சுற்றி மரக்கட்டைகளாலான பிறேக். புயலில் பிறேக் பிடிக்காமல் ஓடவிட்டால் உராய்வுச் சூட்டில் ஆலையே தீப்பிடிக்கும், அப்படி எரிந்துபோன ஆலைகள் பல. பெரிய பற்சில்லு, நிமிர்ந்து நிற்கும் நடுத்தண்டைச் சுழற்றும். தண்டு கோபுரத்தின் நடுவால் கீழே இறங்கும். மா அரைக்கும் ஆலையானால் தண்டு கல்லைச் சுற்றும். நீர் இறைக்கும் ஆலையானால் சுழற்சியை மேலும் கீழுமான ஆட்டமாக மாற்றிப் பம்பியின் உலக்கையை இடிக்க வைக்கும். துலாவில் ஆள் முன்னும் பின்னும் நடந்து செய்ததை இங்கே காற்று செய்கிறது.

எவ்வளவு வேலை? மணிக்கு 30,000 கலன், கலனுக்கு 8.34 இறாத்தல், 200 அடி உயரம். பெருக்கிப் பார்த்தால் ஏறத்தாழ 25 குதிரைவலு வருகிறது. ஒரு மனிதர் நாள் முழுக்கக் களைக்காமல் தரக்கூடியது பத்தில் ஒரு குதிரைவலு. அப்படியானால் வடக்கு ஆலை நல்ல காற்றில் 250 பேரின் வேலையைச் செய்தது. அதற்காக அது காற்றில் பிடித்த வட்டத்தின் பரப்பளவு சுமார் 8,170 சதுர அடி. நம் ஊர்க் கணக்கில் மூன்று பரப்புக் காணியைத் தூக்கி நிமிர்த்தி வைத்ததுபோல.

இதில் கவனிக்க வேண்டிய ஒன்று, காற்றின் வலு அதன் வேகத்தோடு நேராகக் கூடுவதில்லை. வேகம் இரண்டு மடங்கானால் வலு எட்டு மடங்காகும். வேகம் பாதியானால் எட்டில் ஒரு பங்குதான் மிஞ்சும். ஆகவே 30,000 கலன் என்பது நல்ல நாளின் கணக்கு, எல்லா நாளும் அல்ல. ஆனால் சான் பிரான்சிஸ்கோவுக்கு ஓர் அதிர்ஷ்டம். கோடையில் உள்நாட்டுப் பள்ளத்தாக்கு கொதிக்க, குளிர்ந்த கடலிலிருந்து காற்று உள்ளே பாயும். பிற்பகலில் ஓஷன் பீச்சில் நின்றவர்களுக்கு அதன் குளிர் தெரியும். மழையே இல்லாத அந்த மாதங்களில்தான் மரங்களுக்குத் தண்ணீர் தேவை, அந்த மாதங்களில்தான் காற்றும் பலம். தேவையும் வரவும் ஒரே பருவத்தில். எங்கள் சோளகமும் அப்படித்தான். மே முதல் செப்டெம்பர் வரை மழையில்லாத குடாநாட்டில், தோட்டம் தண்ணீருக்குத் தவிக்கிற அதே காலத்தில், அது வீசித் தள்ளும். 1970களின் பிற்பகுதியில் இலங்கை நீர்வளச் சபை ஒல்லாந்து உதவியோடு நீர் இறைக்கும் சிறு காற்றாடிகளைச் செய்து பார்த்ததற்கும் இத்தகைய கணக்கே காரணம்.

பூங்கா ஆலைகளின் வாழ்வு நீளவில்லை. 1913இல் மின்பம்பி வந்தது. 25 குதிரைவலுவுக்கு ஒரு மோட்டார் போதும். காற்று நின்றாலும் அது நிற்காது. சீலை சுருட்ட ஆள் வேண்டாம், மரம் உக்காது. மர்பி ஆலைக்கு அப்போது வயது ஐந்து. முதல் போட்டு ஐந்து வருடத்தில் தேவையற்றுப்போன சொத்தை எங்கள் தொழிலில் என்ன செய்வோம்? ஏட்டிலிருந்து கழித்துவிடுவோம். நகரமும் அதைத்தான் செய்தது. கொஞ்சக் காலம் சும்மா சுழன்றன, பிறகு அதுவும் இல்லை. இறக்கைகள் உடைந்தன, கடற்காற்றில் இரும்பு துருவேறியது, மரம் உக்கியது.

மீட்டெடுத்தது பிடிவாதம் பிடித்த சிலர். முன்னாள் மாநகர முதல்வர் ஆஞ்செலோ றோசியின் மகள் எலினோர் றோசி கிராப்ட்றீ 1960களிலிருந்து கதவு கதவாகத் தட்டினார். 1981இல் வடக்கு ஆலை மறுபடி முழு உருவம் பெற்றது. மர்பி ஆலைக்கு இன்னும் காலம் எடுத்தது. அதன் செப்புத் தொப்பியை 2002இல் கழற்றி, கப்பலில் ஒல்லாந்துக்கு அனுப்பினார்கள். லூக்காஸ் வெர்பே என்ற காற்றாலைத் தச்சரின் பட்டறைக்கு. அமெரிக்காவில் எத்தனையோ பொறியியலாளர் இருந்தும், இந்த வேலை தெரிந்த கை அங்கேதான் இருந்தது. தொழில் ஒரு தலைமுறை கைமாறாமல் போனால், பிறகு காசு கொடுத்தும் பக்கத்தில் வாங்க முடியாது. நம் ஊரில் துலாவுக்கு ஆடுகால் நட்டு, அச்சுலக்கை பொருத்தத் தெரிந்தவர் இன்று எத்தனை பேர்? மர்பி ஆலையின் இறக்கைகள் 2012இல் மறுபடி சுழன்றன. இரண்டும் இன்று தண்ணீர் இறைப்பதில்லை.

இந்த இடத்தில் அந்த 1க்கு 40 விகிதத்தை நினைவுக்குக் கொண்டுவாருங்கள். துலாவும் காற்றாலையும் மெதுவாக, விட்டு விட்டு இறைப்பவை. ஆள் களைத்தால் துலா நிற்கும். காற்று ஓய்ந்தால் ஆலை நிற்கும். அந்த இடைவெளியில் கிணறு ஊறிக்கொள்ளும். மோட்டாருக்குக் களைப்பு கிடையாது. யாழ்ப்பாணத்தில் மண்ணெண்ணெய் மெசின் பரவியபோது தோட்டக்காரருக்குக் கிடைத்த ஆறுதலை நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். துலா மிதித்தவரின் கால்வலி, இறைத்த பட்டையை ஏந்திக் கவிழ்த்தவரின் கைவலி தெரிந்தவர்கள் நாங்கள். ஆனால் பல கரையோரக் கிணறுகள் சவர் தட்டியதில் அந்த வேகத்துக்கும் பங்குண்டு.

இங்கிருந்து நாம் ஊருக்குக் காசு அனுப்புகிறோம். பெரியம்மாவின் வீட்டுக்கு மோட்டார், கோயிலுக்குக் குழாய்க்கிணறு, காணி திருத்த இன்னொன்று. நல்ல மனதோடு செய்வதுதான். தீவுப்பகுதியிலோ வடமராட்சிக் கரையிலோ உள்ள காணியென்றால் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு அனுப்புங்கள். பக்கத்துக் கிணறுகளில் எத்தனை அடியில் சவர் தொடங்குகிறது, சோளக காலத்தில் தண்ணீரின் ருசி மாறுகிறதா, எவ்வளவு நேரம் இறைத்தால் கிணறு வற்றுகிறது என்று. ஊரில் இருப்பவர்களுக்கு இதற்குப் பதில் தெரியும். ஆழமான துளையும் பெரிய மோட்டாரும் எப்போதும் கூடுதல் தண்ணீர் தருவதில்லை. சில இடங்களில் அது கீழே இருக்கும் உப்பை மேலே அழைத்துவரும் செலவாகிவிடும். சிறிய மோட்டார், மேலே ஒரு தொட்டி, நாளுக்கு இரண்டு தடவை கொஞ்ச நேரம் என்றால் கிணறு தாங்கும்.

சான் பிரான்சிஸ்கோக்காரரும் இதைத்தான் இப்போது கவனித்துச் செய்கிறார்கள். 2017 முதல் நகரின் மேற்குப் பக்க நிலத்தடி நீரை, மலையிலிருந்து வரும் ஹெட்ச் ஹெட்சி நீரோடு சிறு அளவில் கலந்து குடிநீராக வழங்குகிறார்கள். அதோடு கடற்கரை ஓரமாகக் கண்காணிப்புக் கிணறுகள் வைத்து, உப்பு உள்ளே வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். அந்தத் திட்டத்துக்குரிய கிணறுகளில் ஒன்றின் பெயர் தெற்குக் காற்றாலை மாற்றுக் கிணறு. மர்பி ஆலை இறைத்த அதே மணலின் தண்ணீர்.

பார்க்கப் போகிறவர்களுக்கு: வடக்கு ஆலை ஜோன் எஃப். கென்னடி வீதியின் மேற்கு முனையில், மகாராணி வில்ஹெல்மினா பெயரில் உள்ள தோட்டத்தில் நிற்கிறது. பெப்ரவரி கடைசியிலும் மார்ச்சிலும் போனால் டியூலிப் பூத்திருக்கும். மர்பி ஆலை அங்கிருந்து தெற்கே, லிங்கன் வே பக்கமாக நடக்கும் தூரம். பிள்ளைகளைக் கூட்டிப் போனால் இறக்கையின் கீழே நின்று அந்த முறுக்கைக் காட்டுங்கள். கோடைப் பிற்பகலென்றால் தடித்த மேற்சட்டை கட்டாயம் எடுத்துச் செல்லுங்கள்.